சிள்வண்டு கத்திய வலையமைப்பு



கணினி வலையமைப்புகளின் வரலாறு பற்றி இரண்டு நாள் பேச இருக்கிறோம். நிகழ்ச்சி நிரலைப் புரட்டினேன். பாதிக்கு மேல் அமெரிக்காவின் ஆர்ப்பாநெட்தான். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் யார் முதலில் செய்தார் என்ற கேள்வியைச் சற்றுத் தள்ளி வைத்துவிட்டு, பொறுப்பை யார் தலையில் வைத்தார்கள் என்று கேட்டால் பிரான்சுக்குப் போகாமல் முடியாது. லூயி பூஸானைப் பற்றி இன்று பேசுவதற்கு அதுதான் காரணம்.

1931இல் பிறந்தவர் பூஸான். பாரிஸின் எக்கோல் பாலிடெக்னிக்கில் படித்து, புல் கணினி நிறுவனத்தில் வேலை பார்த்தார். 1963இல் அமெரிக்காவின் எம்.ஐ.டி.க்குப் போனார். ஒரே கணினியைப் பலர் ஒரே நேரத்தில் பயன்படுத்தும் முறையை அங்கே கொர்பாத்தோ என்பவரின் குழு உருவாக்கிக்கொண்டிருந்தது. ஒரே கட்டளைகளைத் தினமும் வரிசையாகத் தட்டச்சு செய்வது பூஸானுக்கு அலுப்பாக இருந்தது. கட்டளைகளை ஒரு கோப்பில் எழுதிவைத்தால் கணினியே வரிசையாக நிறைவேற்றும்படி 'ரன்காம்' என்ற நிரலை எழுதினார். அந்தப் பெயரின் எச்சம்தான் இன்று யூனிக்ஸ், லினக்ஸ் அமைப்புக் கோப்புகளின் பெயர் ஈற்றில் ஒட்டியிருக்கும் 'ஆர்சி'. கட்டளையை வாங்கிக் கணினிக்குச் சொல்லும் நிரலுக்கு 'ஷெல்' என்று பெயரிட்டவரும் அவரே. மல்டிக்ஸ் என்னும் இயக்க அமைப்புக்கான முதல் ஷெல்லை எழுதியவர் கிளெண்டா ஷ்ரோடர். இந்த அவை அந்தப் பெண்மணியின் பெயரையும் குறித்துக்கொள்ள வேண்டும்.

ஊர் திரும்பிய பூஸானிடம் 1970களின் தொடக்கத்தில் ஒரு பெரிய வேலை வந்தது. பாரிஸை அடுத்த ரோக்கன்கூரில் இருந்த இரியா என்னும் அரசு ஆய்வு நிலையத்தில், பிரான்சுக்கென ஒரு வலையமைப்பை உருவாக்கும் பொறுப்பு. தனித்தனித் தீவாகக் கிடந்த கணினிகளை இணைக்கும் திட்டத்துக்கு, கிரேக்கத் தீவுக்கூட்டத்தின் பெயரான சிக்லாத் என்பதையே சூட்டினார்கள்.

இனி வருவதுதான் இந்த உரையின் மையம். ஆர்ப்பாநெட்டில் தகவல் பொட்டலங்கள் தொலையாமல், வரிசை மாறாமல் போய்ச் சேர்வதை வலையமைப்பே பார்த்துக்கொண்டது. அதைப் பதிவுத் தபாலுக்கு ஒப்பிடலாம். ஒவ்வொரு நிலையத்திலும் கையெழுத்து, கணக்கு. பூஸான் அஞ்சலட்டையைத் தேர்ந்தெடுத்தார். ஒவ்வொரு பொட்டலமும் முகவரியைச் சுமந்துகொண்டு தன் வழியே போகட்டும். முன்னது பின்னாக வரலாம், ஒன்றிரண்டு காணாமலும் போகலாம். வரிசைப்படுத்துவதும், வராததை மறுபடி கேட்டு வாங்குவதும் இரு முனையிலும் உள்ள கணினிகளின் வேலை. டேட்டா, டெலிகிராம் என்ற இரு சொற்களையும் ஒட்டி, இத்தகைய பொட்டலத்துக்கு டேட்டாகிராம் என்று பெயர் வந்தது. இங்கிலாந்தின் டொனால்டு டேவிஸ் இதே திசையில் முன்பே சிந்தித்திருந்தார். முனைகளின் பொறுப்பில் கணினிகளை இணைத்து ஓட்டிக் காட்டியது பூஸானின் குழு.

1973 நவம்பரில் மூன்று கணினிகளும் ஒரே ஒரு பொட்டல மாற்றியுமாக முதல் செயல்விளக்கம் நடந்தது. பொட்டலங்களைக் கடத்தும் உட்பகுதிக்கு சிகால், அதாவது சிள்வண்டு, என்று பெயர். மாற்றிக் கணினிகளில் ஒலிபெருக்கியைப் பொருத்தியிருந்தார்கள். பொட்டலம் கடக்கும்போதெல்லாம் அது சிள்வண்டு போலக் கிறீச்சிடும். வலையமைப்பில் போக்குவரத்து இருக்கிறதா என்பதைக் காதாலேயே தெரிந்துகொண்டார்கள்.

அந்த ஒலி கடல் கடந்தும் கேட்டது. பூஸானின் குழுவைச் சேர்ந்த ஜெரார் ல லான், ஸ்டான்ஃபோர்டில் விண்ட் செர்ஃபுடன் வேலை செய்தார். 1974இல் செர்ஃபும் பாப் கானும் வெளியிட்ட, இன்றைய இணையத்துக்கு அடித்தளமான கட்டுரையின் நன்றியுரையில் பூஸானின் பெயரும் அவருடைய சகா யூபெர் ஸிம்மர்மானின் பெயரும் இருக்கின்றன. 1978இல் அக்கட்டுரை முன்வைத்த நெறிமுறையை இரண்டாகப் பிரித்தபோது, பொட்டலத்தை அனுப்பிவிட்டு மறந்துவிடும் ஐ.பி. ஒருபுறமும், முனையில் இருந்துகொண்டு சரிபார்க்கும் டி.சி.பி. மறுபுறமும் நின்றன. அஞ்சலட்டையின் தத்துவம் அங்கே நிலைபெற்றது.

சொந்த நாட்டில் கதை வேறு. பிரெஞ்சு அஞ்சல் தொலைத்தொடர்புத் துறை, தொலைபேசி அழைப்பைப் போல முதலில் இணைப்பை ஏற்படுத்திக்கொண்டு தகவலை அனுப்பும் முறையை ஆதரித்தது. 1976இல் அது எக்ஸ்.25 என்ற சர்வதேசத் தரமாயிற்று. 1978இன் இறுதியில் அந்தத் தரத்தைப் பின்பற்றிய டிரான்ஸ்பாக் சேவை தொடங்கியது. சிக்லாத்துக்கு நிதி வற்றி, திட்டம் மூடப்பட்டது.

இதை அதிகாரிகளின் மூடத்தனம் என்று எழுதிவிடுவது எளிது. ஆனால் டிரான்ஸ்பாக்கை நம்பி வளர்ந்த மினிடெல், பிரெஞ்சு வீடுகளில் 2012 வரை ஓடியது. தொலைபேசி எண் தேடுவதும் ரயில் டிக்கெட் எடுப்பதும் அதில் நடந்தன. சண்டை வேறு இடத்தில் இருந்தது. சரிபார்க்கும் பொறுப்பு வலையமைப்புக்குள் இருந்தால், அதிகாரமும் கட்டண மீட்டரும் அரசுத் துறையின் கையில். பொறுப்பு முனைக்குப் போனால், அதிகாரமும் கூடவே போய்விடும். இது தெரிந்துதான் இரு தரப்பும் மோதின.

2013இல் பொறியியலுக்கான முதலாவது எலிசபெத் ராணி பரிசை பூஸானும் கான், செர்ஃப், டிம் பெர்னர்ஸ்-லீ, மார்க் ஆண்ட்ரீசன் ஆகியோரும் பகிர்ந்துகொண்டார்கள். முதுமையிலும் பூஸான் சும்மா இருக்கவில்லை. இணைய முகவரிகள் ஆங்கில எழுத்திலேயே இருக்க வேண்டுமா என்று வாதாடியவர்களில் அவரும் ஒருவர். இன்று .இந்தியா, .இலங்கை, .சிங்கப்பூர் என்று தமிழ் எழுத்தில் முகவரி முடிகிறது. அந்த வழக்கு நமக்கும் உரியது.

இந்த அவை முன் இரண்டு கேள்விகளை வைக்கிறேன். மூடப்பட்ட திட்டங்களின் கோப்புகளை யார் படிக்கப் போகிறார்கள்? வென்றவர்களின் ஆவணங்களை மட்டும் படித்தால், வேறு வழியும் இருந்தது என்பதே தெரியாமல் போகும். அடுத்தது, முனைக்குப் போன பொறுப்பு இன்றும் அங்கேதான் இருக்கிறதா? நம் கோப்புகளும் கடிதங்களும் சில நிறுவனங்களின் தரவு மையங்களில் குவிந்து கிடக்கும்போது, நம் கையிலுள்ள கருவியை இன்னும் முனை என்று சொல்லலாமா?

பூஸானின் பெயரை ஒரு நன்றியுரையில் பார்த்துத்தான் நான் அவரைத் தேடிப் போனேன். ஆகவே உங்கள் கட்டுரைகள் என் கைக்கு வரும்போது, நன்றியுரையைத்தான் முதலில் படிப்பேன். அதை ஒப்புக்கு எழுதாதீர்கள் என்று கேட்டுக்கொண்டு, கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன்.