மேயர் நாற்காலியில் கற்ற பாடம்

திருவனந்தபுரத்துத் தமிழ்ச் சொந்தங்களே,

வி.கே. பிரசாந்தைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். அவர் கட்சியைப் புகழ அல்ல. ஊர்க் குப்பைக்குப் பதில் சொல்லிப் பழகிய ஒருவரைச் சட்டமன்றத்துக்கு அனுப்புவது எவ்வளவு நல்ல காரியம் என்று சொல்லத்தான்.

2015 நவம்பரில் அவர் திருவனந்தபுரம் மேயரானபோது வயது 34. வழக்கறிஞர்; கழக்கூட்டம் வார்டு கவுன்சிலர். 100 வார்டு கொண்ட மாமன்றத்தில் அவர் அணிக்குப் பெரும்பான்மை கிடையாது. அதைவிடப் பெரிய சுமை, குப்பை. பக்கத்து ஊரான விளப்பில்சாலை மக்கள் ஆண்டுக்கணக்காகப் போராடி, 2011 டிசம்பரில் மாநகராட்சியின் குப்பை ஆலையை மூடவைத்தார்கள். நியாயம் அவர்கள் பக்கம்தான்! நம் வீட்டு அழுகல் நாற்றத்தை அவர்கள் ஏன் சுவாசிக்க வேண்டும்? அதன்பின் இந்த நகரத்துக்குக் குப்பை கொட்ட வேறு ஊர் இல்லை. வீட்டிலேயே மட்க வையுங்கள், பொதுத் தொட்டியில் உரமாக்குங்கள், பிளாஸ்டிக்கைத் தனியே கொடுங்கள் என்று கேட்டே ஆகவேண்டிய நிலை. ஓட்டுக் கேட்கும் வாயால் இதைச் சொல்லத் துணிச்சல் வேண்டும், அன்பர்களே.

2019 ஆகஸ்ட் வெள்ளத்தின்போது வட கேரளத்தில் கவளப்பாறையிலும் புத்துமலையிலும் மலை சரிந்து ஊர்கள் புதைந்தன. தலைநகரில் உதவி முதலில் மந்தமாகத்தான் சேர்ந்தது. பிறகு அவர் தலைமையிலான மாநகராட்சியின் அலுவலகத்தில் கல்லூரிப் பிள்ளைகள் குவிந்தார்கள். இரவு பகலாக மூட்டை கட்டினார்கள். லாரி லாரியாகப் பொருள் வடக்கே போனது. அந்தப் பிள்ளைகளின் தலைமுறைதான் அவரை ‘மேயர் ப்ரோ’ ஆக்கியது.

அதே ஆண்டு அக்டோபரில் வட்டியூர்க்காவு சட்டமன்றத் தொகுதி இடைத்தேர்தலில் அவர் நின்றார். 2016இல் அவர் கட்சி மூன்றாம் இடத்துக்குப் போன தொகுதி அது. சாதிக் கணக்குப் போட்டவர்கள் அவர் தேறமாட்டார் என்றார்கள். 14,465 வாக்கு வித்தியாசத்தில் வென்றார். வெள்ள நிவாரணத்தில் வந்த பெயர், நிலைக்காது என்றும் சிலர் சொன்னார்கள். 2021 தேர்தலில் அவரது வெற்றி வித்தியாசம் 21,000ஐத் தாண்டியது. வாக்காளர் நினைவில் வைத்திருந்தது வேலையை என்றே நான் கருதுகிறேன்.

மேயராகப் பழகி மேலே போனவர் அவர் மட்டுமா? 2021இல் கல்வி அமைச்சரான வி. சிவன்குட்டியும் இந்த ஊர் மேயராக இருந்தவர்தான். கேரளம் 1996இல் மக்கள் திட்டத்தைத் தொடங்கி, திட்ட நிதியில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உள்ளாட்சிக்குக் கொடுத்தது. பணமும் பொறுப்பும் கையில் வந்ததால்தான் இங்கே மேயர் பதவி அலங்காரப் பதவியாக நின்றுவிடவில்லை.

நம் தமிழ்நாட்டிலும் மு.க. ஸ்டாலின் 1996இல் சென்னை மேயர், மா. சுப்பிரமணியன் மேயராக இருந்து பின்னர் அமைச்சரானவர். ஆனால் 2016 முதல் 2022 வரை அங்கே எந்த மாநகராட்சியிலும் தேர்ந்தெடுக்கப்பட்ட மேயர் இல்லை. சாக்கடை அடைத்தால் மக்கள் அதிகாரியிடம் மனுக் கொடுத்துக் காத்திருந்தார்கள். எத்தனை இளைஞர்கள் பொதுவாழ்வைக் கற்றிருக்க வேண்டிய ஆண்டுகள் அவை! எனக்கு அது ஆறாத வருத்தம்.

சாலைக் கடைவீதியில் வணிகம் செய்பவர்களே, கரமனையில் தலைமுறைகளாக வாழ்பவர்களே, உங்கள் வார்டு சபை அடுத்து கூடும்போது தவறாமல் போங்கள். மலையாளம் தடுமாறினாலும் எழுந்து கேளுங்கள். உங்கள் பிள்ளைகளையும் கூட்டிப் போங்கள். அவர்களில் ஒருவர் நாளை கவுன்சிலராக நிற்கட்டும்.