ஈரானிய இசையமைப்பாளர் ஹுசேன் அலிசாதே



திரைப்பட இசை என்றதும் நாம் பாட்டைத்தான் நினைக்கிறோம். கதாநாயகன் வாயசைத்துப் பாடாத படத்துக்கு இசையமைப்பாளர் எதற்கு என்றுகூட நம்மில் சிலர் கேட்கலாம். அத்தகைய படங்களுக்கு இசை தந்த ஒருவரைப் பற்றி இன்று பேசுவோம். பெயர் ஹுசேன் அலிசாதே. 1951ஆம் ஆண்டில் ஈரானின் தலைநகரான தெஹ்ரானில் பிறந்தவர்.

அவருடைய கருவி தார். முசுக்கட்டை மரத்தை இரண்டு கிண்ணங்கள் ஒட்டினாற்போலக் குடைந்து, அதன் வாயில் ஆட்டுக்குட்டியின் மெல்லிய தோலை இழுத்துக் கட்டுவார்கள். ஆறு தந்திகள். ஒரு சிறு பித்தளைத் துண்டை மெழுகில் பதித்துக்கொண்டு மீட்டுவார்கள். தோலின் மேல் எழும் ஒலியல்லவா, தொண்டை அடைத்தவர் பேசுவதுபோல் இருக்கும். நம் இராகங்களைப் போல அங்கே 'தஸ்த்கா' என்னும் முறை உண்டு. பியானோவின் இரண்டு கட்டைகளுக்கு நடுவே ஒளிந்திருக்கும் சுரங்களும் அதில் வரும்.

அலிசாதே வானொலியில் வேலை பார்த்தவர். 1978 செப்டம்பர் 8ஆம் நாள் தெஹ்ரானின் ஜாலே சதுக்கத்தில் கூடிய மக்களை மன்னரின் படையினர் சுட்டார்கள். அதைக் கண்டித்து வானொலிக் கலைஞர்கள் சிலர் வேலையை விட்டு விலகினார்கள். அவர்களுள் இவரும் ஒருவர். அப்போது வயது 27. வானொலியில் அமர்ந்து பேசும் நமக்கு இச்செய்தி சற்றே உறைக்கிறது.

அவர் இசையமைத்த படங்களில் ஒன்று, 2000ஆம் ஆண்டில் பஹ்மன் கொபாதி எடுத்த 'குடிபோதைக் குதிரைகளின் காலம்'. ஈரான், ஈராக் எல்லையில் வாழும் குர்து இனத்துப் பிள்ளைகளின் கதை. தாயும் இல்லை, தந்தையும் இல்லை. நோயாளிச் சகோதரனின் அறுவைச் சிகிச்சைக்குப் பணம் வேண்டும். அயூப் பனிமலையில் கள்ளச் சரக்குச் சுமக்கிறான். சுமந்து பழகிய தோள்களுக்கு அந்தக் காட்சியை நாம் விளக்க வேண்டியதில்லை. குளிரைத் தாங்குவதற்காகக் கோவேறு கழுதைகளுக்குத் தண்ணீரில் சாராயம் கலந்து கொடுக்கிறார்கள். படத்தின் பெயர் அதிலிருந்து வந்ததுதான்.

இப்படிப்பட்ட காட்சிக்கு இசையமைப்பது எளிதன்று. மிகுதியாக வாசித்தால் பிள்ளையின் துயரம் வேடிக்கையாகிவிடும். வாசிக்காமலே விட்டால், பார்ப்பவர் கண்ணைத் திருப்பிக்கொள்ளக்கூடும். 2004இல் வந்த 'ஆமைகளும் பறக்கும்' படத்திலும் அவருக்கு இதே சோதனை. அதிலோ அகதிப் பிள்ளைகள் கண்ணிவெடிகளைப் பொறுக்கி விற்றுப் பிழைக்கிறார்கள்.

2014இல் பிரான்சு அரசு தன் உயர்ந்த விருதாகிய லெஜியோன் தோனரை அலிசாதேக்கு அறிவித்தது. நன்றி கூறி அவர் அதை ஏற்க மறுத்துவிட்டார். தம் பெயருக்கு முன்னும் பின்னும் எதுவும் சேராமல், ஹுசேன் அலிசாதே என்று மட்டும் இருப்பதே போதும் என்று எழுதினார்.