ஆங்கிலப் பாடமும் வீட்டுத் தமிழும்

பிற மாநிலங்களில் குடியேறி வாழும் நம்முடைய குழந்தைகள் மூன்று மொழிகளுக்கு நடுவே வளர்கிறார்கள். வீட்டில் தமிழ், தெருவில் இந்தியோ மராத்தியோ வங்காளியோ, பள்ளியில் ஆங்கிலம். ஐந்தாம் வகுப்பு வரையில் இம்மூன்றும் ஒருவாறு ஒத்துப் போகின்றன. அதன் பிறகுதான் தொல்லை தொடங்குகிறது. ஆங்கிலப் பாடநூலில் அதுவரை கண்ட எளிய கதைகளோடு நகைச்சுவைக் கட்டுரைகளும், இயற்கையைப் பாடும் சிறு கவிதைகளும் வந்து சேருகின்றன. சரித்திரத்திலும் விஞ்ஞானத்திலும் நல்ல மதிப்பெண் பெறும் பிள்ளை, இவ்விரண்டின் முன்னே திகைத்து நின்றுவிடுகிறது. பெற்றோராகிய நாம் கவலை கொள்கிறோம். ‘வீட்டில் தமிழ் பேசுவதால்தான் ஆங்கிலம் வரவில்லை, இனி வீட்டிலும் ஆங்கிலமே பேசுங்கள்’ என்று யாரேனும் ஒருவர் யோசனை கூறுகிறார். நம்மில் பலர் அவ்வாறே செய்யவும் தொடங்கிவிடுகிறோம். ஊரிலிருந்து வரும் பாட்டி, பேரனோடு நாலு வார்த்தை பேச முடியாமல் தவிக்கும் நிலைமை பல வீடுகளில் இப்படித்தான் உண்டாகிறது.

அந்த யோசனை சரியானதுதானா என்பதை இன்று சற்று ஆராய்வோம், நேயர்களே. நகைச்சுவைக் கட்டுரை, இயற்கைக் கவிதை ஆகிய இரண்டு பாடங்களுக்கும் வீட்டுத் தமிழ் உதவுவதைப் போல வேறு எதுவும் உதவாது என்பது நம்முடைய எண்ணம். வெறும் மொழிப்பற்றினால் கூறும் வார்த்தை இது அன்று. பாடத்தையே எடுத்து வைத்துக்கொண்டு பார்ப்போம்.

ஜெரோம் கே. ஜெரோம் என்னும் ஆங்கில ஆசிரியர் 1889ஆம் ஆண்டில் வெளியிட்ட ‘படகில் மூவர்’ என்னும் நூலில், பாட்ஜர் மாமா சுவரில் ஒரு படம் மாட்டிய வரலாறு மூன்றாம் அத்தியாயத்தில் வருகிறது. பல தலைமுறைகளாகப் பள்ளி வாசகங்களில் இடம்பெற்றுவந்த பகுதி அது. தேம்ஸ் நதியைப் பற்றிய பயண நூலாக எழுதத் தொடங்கியது, எழுத எழுத நகைச்சுவை நூலாகிவிட்டது என்பார்கள்.

படம் மாட்டும் வேலையைத் தாமே பார்த்துக்கொள்வதாக மாமா மேலங்கியைக் கழற்றி வைக்கிறார். ஆணி வாங்க ஒருவர், சுத்தி எடுத்துவர ஒருவர், ஏணிக்கு ஒருவர், அண்டை வீட்டில் மட்டப்பலகை இரவல் கேட்க ஒருவர் என்று வீடு முழுவதும் ஓடுகிறது. படம் கை தவறி விழுகிறது. கண்ணாடி கையைக் கிழிக்கிறது. கைக்குட்டை மேலங்கிப் பையில் இருக்கிறது, மேலங்கியோ அகப்படவில்லை. வீட்டார் அனைவரும் தேடுகிறார்கள். ஓர் அங்கியைத் தேட இத்தனை பேர் இருந்தும் துப்பில்லையே என்று மாமா ஏசுகிறார். பிறகு எழுந்து பார்த்தால், இத்தனை நேரமும் அவர் அதன் மேல்தான் உட்கார்ந்திருக்கிறார். தாமே கண்டுபிடித்துவிட்டதாகச் சொல்லி, உதவிக்கு வந்தவர்களையே மறுபடியும் குறை கூறுகிறார். நள்ளிரவில் படம் கோணலாகத் தொங்குகிறது. சுவர் குத்திக் குதறிக் கிடக்கிறது. எல்லோரும் ஓய்ந்து சாய்ந்துவிட்டார்கள். மாமா ஒருவர் மட்டும் பெருமிதத்தோடு நிற்கிறார்.

இதில் அகராதியைப் புரட்டிப் பொருள் காண வேண்டிய சொற்கள் அதிகம் இல்லை. ஆணி, சுத்தி, ஏணி, நாற்காலி இவை அனைத்தும் குழந்தைக்குத் தெரியும். சொல் ஒவ்வொன்றுக்கும் பொருள் எழுதி முடித்த பின்னும் சிரிப்பு வருவதில்லை. ஏனென்றால் சிரிப்பு எந்தச் சொல்லிலும் இல்லை. மாமா தம்மைப் பற்றிக் கொண்டிருக்கும் எண்ணத்துக்கும், நம் கண் முன்னே நடப்பதற்கும் இடையே உள்ள தூரத்தில் இருக்கிறது அது. அவர் அசடு என்று ஆசிரியர் ஓரிடத்திலும் சொல்வதில்லை. முகத்தைச் சற்றும் மாற்றாமல், ஏதோ அரிய காரியத்தை விவரிப்பவர் போலச் சொல்லிக்கொண்டே போகிறார். அந்த முகமாறாமையைக் கண்டுகொள்ளாத பிள்ளைக்கு இது ஒரு மனிதர் படம் மாட்டிய செய்தி, அவ்வளவுதான்.

நம்முடைய இலக்கணம் இதை அறியாதது அன்று. தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல், நகை பிறக்கும் நிலைக்களன்களாக எள்ளல், இளமை, பேதைமை, மடன் ஆகிய நான்கினைக் கூறுகிறது. மேலங்கியின் மீதே அமர்ந்து அதைத் தேடுவது பேதைமையின் பாற்படும். ஆசிரியர் புகழ்வது போல நின்று இகழ்வது எள்ளல். வஞ்சப் புகழ்ச்சி என்று அணியிலக்கணக்காரர் சொல்வதும் இதற்கு நெருங்கிய உறவே. ஏழாம் வகுப்புப் பிள்ளைக்கு இந்தப் பெயர்கள் வேண்டியதில்லை. தேவன் எழுதிய துப்பறியும் சாம்புவின் கதை ஒன்றை இரவு உணவுக்குப் பின் படித்துக் காட்டினாலே போதும். அசட்டுச் சாம்பு தற்செயலாகத் திருடனைப் பிடிப்பதும், ஊரார் அதைப் பேரறிவு என்று வியப்பதும் குழந்தைக்கு உடனே புரியும். புரிந்த கையோடு பாட்ஜர் மாமாவிடம் வந்தால் அவரும் பழகிய மனிதராகிவிடுகிறார். சாம்புவுக்குத் தம் பெருமையில் அத்தனை நம்பிக்கை இல்லை, மாமாவுக்கு உண்டு. இந்த வேற்றுமையைக் குழந்தை தானே எடுத்துச் சொல்லுமானால் பாடம் முடிந்தது என்றே கொள்ளலாம்.

இதைச் சோதிக்க எளிய வழி ஒன்று உண்டு. ஆங்கிலம் அறியாத பாட்டிக்கோ அத்தைக்கோ அந்தக் கதையைத் தமிழில் சொல்லும்படி பிள்ளையைக் கேட்டுக்கொள்ளுங்கள். பாட்டி சிரிக்கும் இடத்தில் பிள்ளையும் சிரிக்கிறதா என்று கவனியுங்கள். மேலங்கி அகப்பட்ட செய்தியை முன்னதாகவே சொல்லிவிட்டால் பாட்டி சிரிக்கமாட்டாள். எதை மறைத்துவைத்து எப்போது வெளியிட வேண்டும் என்பதைப் பிள்ளை அங்கேதான் கற்றுக்கொள்கிறது. ஆங்கிலப் பாடத்துக்கு ஆங்கிலம் அறியாத பாட்டியே நல்ல ஆசிரியை ஆகிறாள். அவளோடு பேசும் மொழியை வீட்டை விட்டு வெளியேற்றினால் இழப்பு பாட்டிக்கு மட்டும் அன்று.

இனிக் கவிதைக்கு வருவோம். 1816ஆம் ஆண்டு டிசம்பர் 30ஆம் நாள். லண்டனை அடுத்த ஹாம்ப்ஸ்டெட்டில், லீ ஹண்ட் என்னும் எழுத்தாளரின் இல்லம். ஜான் கீட்ஸுக்கு அப்போது வயது இருபத்தொன்று. ஒரே பொருளைப் பற்றிக் குறித்த நேரத்துக்குள் பதினான்கு அடியில் ஆளுக்கொரு கவிதை எழுதுவோம் என்று ஹண்ட் பந்தயம் வைத்தார். இருவரும் எழுதினர். அவ்வாறு பிறந்த கீட்ஸின் கவிதை நம் பிள்ளைகளின் எட்டாம் வகுப்புப் பாடநூலில் பல ஆண்டுகள் இடம்பெற்றிருந்தது. முதல் எட்டு அடியில் கோடை. பின் ஆறு அடியில் குளிர்காலம். கோடையில் பாடுவது ஒரு பூச்சி. குளிர்காலத்தில் வேறொரு பூச்சி.

அப்பூச்சிகளின் பெயரிலேயே குழந்தை இடறி விழுகிறது. இரண்டாவது பூச்சிக்கு ஆங்கிலத்தில் கிரிக்கெட் என்று பெயர். நம் வீட்டுப் பிள்ளைக்கு அச்சொல்லைக் கேட்டதும் மட்டையும் பந்துமே தோன்றும். கைப்பேசி அகராதியும் பெரும்பாலும் அதையேதான் முதலில் காட்டும். பூச்சி என்று தெரிந்த பிறகும், எந்தப் பூச்சி என்பது தெளிவாவதில்லை. ‘சுவர்க்கோழி’ என்று தமிழில் சொல்லிப் பாருங்கள். இரவில் சுவர் இடுக்கிலிருந்து ஓயாமல் கத்தும் அந்தச் சிறு பிராணியை, ஊருக்குப் போனபோது கேட்டறியாத பிள்ளை இராது. முதற்பூச்சியை வெட்டுக்கிளி என்று மொழிபெயர்ப்பதிலும் ஓர் இடர்ப்பாடு உண்டு. 2020ஆம் ஆண்டில் ராஜஸ்தானத்திலும் மத்தியப் பிரதேசத்திலும் பயிரைச் சூறையாடிய பெரும் படையே அங்கு வாழும் நம்மவர்க்கு நினைவுக்கு வரும். ‘தத்துக்கிளி’ என்றால் புல்லில் தாவித் திரியும் விளையாட்டுப் பிராணி கண் முன் நிற்கும். கீட்ஸ் பாடியது அதைத்தான்.

பெயர் விளங்கியபின் கேட்க வேண்டியவை, நம் பழைய அகத்திணை மரபு கேட்கச் சொல்லும் கேள்விகளே. நிலம் எது, பொழுது எது? அதுவே முதற்பொருள். அங்கு வாழும் உயிர்கள் எவை? அவை கருப்பொருள். அவற்றால் உணர்த்தப்படும் உள்ளத்து உணர்ச்சி எது? உரிப்பொருள் அது. இந்தக் கவிதையில் கோடைப் பகலும் புல்வெளியும் ஒருபுறம். உறைபனி இரவும் வீட்டுக் கணப்பும் மறுபுறம். வெயிலுக்கு அஞ்சிப் பறவைகள் நிழல் தேடி அடங்கிவிட்டபோது தத்துக்கிளியின் குரல் எழுகிறது. பனியால் வெளியே எல்லாம் ஓய்ந்துவிட்டபோது கணப்பின் அருகில் சுவர்க்கோழியின் குரல் எழுகிறது. பறவைகள் வாயடைத்துப் போகும் மே மாத நண்பகலை நாகபுரியிலோ தில்லியிலோ வளரும் பிள்ளைக்கு நாம் விளக்க வேண்டியதில்லை. குளிர்கால மூடுபனியும் அந்தப் பிள்ளைக்குத் தெரியும். சென்னையில் வளரும் பிள்ளைக்குத்தான் அது கேள்விச் செய்தி. குடிபெயர்ந்ததால் நம் குழந்தைகள் இழந்தவற்றையே எண்ணி வருந்தும் நாம், பெற்றதையும் கணக்கில் சேர்க்கலாம்.

கவிதையில் சொல்லாமல் விடப்பட்ட ஒரு செய்தியை விஞ்ஞானப் பாடம் தருகிறது. சுவர்க்கோழி தன் முன்னிறகுகளை ஒன்றோடொன்று உரசி ஒலி எழுப்புகிறது. சூடு ஏற ஏற அவ்வொலி விரைகிறது. குளிர்காலத்தில் அது கணப்பை நாடி வந்து பாடுவதற்குக் காரணம் அதுதான். தத்துக்கிளியோ இங்கிலாந்தில் இலையுதிர்காலத்தோடு மடிந்துவிடுகிறது. மண்ணுக்குள் முட்டைகள் மட்டுமே எஞ்சுகின்றன. ஆகவே கீட்ஸ் எழுதிய அந்த டிசம்பர் மாலையில் பாடுவதற்குத் தத்துக்கிளி உயிரோடு இல்லை. கணப்பருகில் அரைத்தூக்கத்தில் இருப்பவனுக்குச் சுவர்க்கோழியின் குரல், கோடையில் கேட்ட அந்தக் குரலாகவே தோன்றுகிறது. பூமியின் பாட்டு நின்றுபோவதில்லை என்று கவிஞர் கூறுவது இதைக் கொண்டுதான். இதைத் தெரிந்துகொண்ட பின் கவிதையை வாய்விட்டுப் படித்தால் கடைசி அடிகள் வேறுவிதமாக ஒலிக்கும்.

பரீட்சைக்கு இவையெல்லாம் உதவுமா என்று கேட்பவர் உண்டு. கேட்பது நியாயமே. கவிதையின் மையக் கருத்தை எழுதுக என்னும் வினாவுக்குப் பயிற்சி நூலிலுள்ள மூன்று வரியை மனப்பாடம் செய்து எழுதும் பிள்ளை, வினாவைச் சற்றே திருப்பிக் கேட்டால் நின்றுவிடும். நிலமும் பொழுதும் தமிழில் புரிந்த பிள்ளையிடம் எழுதுவதற்குச் செய்தி இருக்கும். ஆங்கில வாக்கியம் சிறிது கரடுமுரடாக இருந்தாலும் ஆசிரியர் திருத்திவிடலாம். செய்தியே இல்லாத வாக்கியத்தை எவ்வாறு திருத்துவது? ஆனால் ஒன்று: தமிழில் பேசிப் புரிந்துகொண்டதை ஆங்கிலத்தில் எழுதிப் பழகும் வேலையைப் பிள்ளைதான் செய்தாக வேண்டும். அதற்கு நாம் குறுக்குவழி சொல்ல வரவில்லை.

அன்று லீ ஹண்ட் எழுதிய கவிதையும் கிடைக்கிறது. அதுவும் அதே இரு பூச்சிகளைப் பற்றியதே. விடுமுறை நாளொன்றில் இரண்டையும் அடுத்தடுத்துப் படித்துக் காட்டி, எது பிடித்திருக்கிறது, ஏன் என்று பிள்ளையைக் கேட்கலாம். விடையைத் தமிழிலேயே சொல்லட்டும். அன்றைய பந்தயத்தில் முதலில் எழுதி முடித்தவர் கீட்ஸ் என்பதையும், போட்டியாளரான ஹண்டே அவருடைய கவிதையை மனம் திறந்து பாராட்டினார் என்பதையும் பிள்ளை தன் தீர்ப்பைச் சொன்ன பிறகு தெரிவித்தால் போதும்.