வுடி ஸ்ட்ரோடு என்னும் துணை நடிகர்

(சங்க ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



சற்று முன் இதே மேடையில் நம் இளைஞர்கள் நடித்த நாடகத்தைக் கண்டு களித்தீர்கள். அரசனாக வந்தவருக்குக் கைதட்டல் கிடைத்தது. அவர் பின்னே ஈட்டி தாங்கி அரைமணி நேரம் அசையாமல் நின்ற தம்பியை எத்தனை பேர் கவனித்தீர்களோ, அறியேன். அவ்வாறு ஓரத்தில் நின்றே பெயர் பெற்ற ஓர் அமெரிக்க நடிகரைப் பற்றிப் பேச விரும்புகிறேன். கௌபாய் படங்கள் என்று நாம் வழங்குகின்ற, குதிரையும் துப்பாக்கியும் நிறைந்த படங்களில் துணை வேடம் ஏற்ற வுடி ஸ்ட்ரோடு என்பவர் அவர்.

1914ஆம் ஆண்டு லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் கறுப்பினக் குடும்பம் ஒன்றில் பிறந்தவர். ஆறடி நான்கங்குல உயரம். நடிப்பு அவர் நாடிச் சென்ற தொழில் அன்று. பல்கலைக்கழக நாளிலேயே அமெரிக்கக் கால்பந்தில் சிறந்து விளங்கினார். (நாம் ஆடும் கால்பந்து வேறு, அது பந்தைக் கையில் ஏந்தி ஓடும் முரட்டு ஆட்டம்.) ஆனால் அந்நாட்டின் தேசியத் தொழில்முறைக் கழகங்களில் 1934 முதல் கறுப்பினத்தார் ஒருவருக்கும் இடமில்லை. எழுதி வைத்த சட்டம் ஏதுமில்லை. எல்லாரும் வாய் திறவாமல் காத்து வந்த தடை. 1946இல் ராம்ஸ் என்னும் குழு லாஸ் ஏஞ்சல்ஸுக்குக் குடிபெயர்ந்து, நகரத்தின் பொது அரங்கில் ஆட முற்பட்டது. பொதுமக்கள் பணத்தில் எழுந்த அரங்கில் இந்தத் தடை தகுமா என்று கறுப்பினப் பத்திரிகையாளர்கள் வினவினார்கள். கென்னி வாஷிங்டனும் ஸ்ட்ரோடும் சேர்த்துக்கொள்ளப்பட்டனர். தடை உடைந்தது. ஆனால் ஸ்ட்ரோடுக்கு அப்போது வயது 32. விளையாட்டு வீரனுக்கு அது அந்திப்பொழுது. ஒரே பருவத்தில் அவரை அனுப்பிவிட்டார்கள்.

பிறகு கனடாவில் ஆடினார், மற்போர் புரிந்தார், படங்களில் கிடைத்ததைச் செய்தார். 1952இல் வந்த ஒரு படத்தில் அவர் ஏற்ற வேடம் என்ன தெரியுமா? சிங்கம்! தோலைப் போர்த்திக்கொண்டு நடித்தார். முகம் வெளியே தெரியவில்லை.

அம்முகத்தை உலகுக்குக் காட்டியவர் இயக்குநர் ஜான் ஃபோர்டு. 1960இல் வெளிவந்த 'சார்ஜன்ட் ரட்லெட்ஜ்' படத்தில், செய்யாத கொலைக்காக இராணுவ நீதிமன்றத்தில் நிற்கும் கறுப்பினக் குதிரைப்படை வீரர் ஸ்ட்ரோடு. கதையே அவருடையது, ஆயினும் அவர் பெயர் பிறர் பெயர்களுக்குக் கீழேதான் வந்தது. அப்படத்தில் குதிரையேறிப் பெக்கோஸ் ஆற்றைக் கடக்கும் காட்சியைப் பற்றி, தம் இனம் முழுவதையும் சுமந்துகொண்டு கரையேறியதாகப் பிற்காலத்தில் அவர் பெருமையுடன் கூறினார்.

இவ்விடத்தில் ஃபோர்டின் மேல் எனக்கொரு மனக்குறை உண்டு. அவ்வாறு குதிரையேற்றியவரை இரண்டே ஆண்டுகளில், 1962இல், 'லிபர்ட்டி வாலன்ஸைச் சுட்ட மனிதன்' படத்தில் ஜான் வேயினின் பணியாளாக்கிவிட்டாரே! ஆனால் அப்படத்தில் ஒரு வகுப்பறைக் காட்சி உண்டு. பெரியவர்களும் சிறுவர்களும் ஒன்றாக அமர்ந்து எழுத்துக் கற்கிறார்கள். பாம்ப்பி என்னும் அப்பணியாள் எழுந்து சுதந்திரப் பிரகடனத்தை ஒப்பிக்கிறார். மனிதர் யாவரும் சமம் என்ற இடத்தில் மறந்துபோய்த் திகைக்கிறார். ஆசிரியர் எடுத்துக் கொடுத்துவிட்டு, அந்த இடத்தைப் பலரும் மறந்துவிடுகிறார்கள் என்று ஆறுதல் சொல்கிறார். சிறிது நேரத்தில் எசமான் வந்து, படித்தது போதும், வேலைக்குப் போ என்கிறார். ஸ்ட்ரோடு முகத்தில் கோபமில்லை, கெஞ்சலும் இல்லை. மற்றோரிடத்தில் மதுக்கடைக்காரன் அவருக்கு ஊற்ற மறுக்கிறான். எசமான் இறந்தபின் சவப்பெட்டியருகே தனியே அமர்ந்து காப்பவரும் அவரே. செனட்டராகிவிட்ட பழைய ஆசிரியர் விடைபெறும்போது அவர் கையில் சில நோட்டுகளைத் திணிக்கிறார். பெற்றுக்கொள்ளும் அந்தக் கிழவரின் கண்களைப் பாருங்கள். ஃபோர்டு அறிந்துதான் எடுத்தாரோ என்று அப்போது என் குறை பாதி தீர்ந்தது.

1968இல் இத்தாலியர் செர்ஜியோ லியோனி எடுத்த 'முன்னொரு காலத்தில் மேற்கே' படத்தில் அவருக்கு உள்ள நேரம் பத்து நிமிடத்திற்குச் சற்று மேல். வசனம் கிடையாது என்றே சொல்லலாம். பாலைவன இரயில் நிலையத்தில் மூன்று கொலையாளிகள் வண்டிக்குக் காத்திருக்கிறார்கள். ஸ்ட்ரோடு நீர்த்தொட்டியின் கீழ் நிற்கிறார். மழித்த தலையில் சொட்டுச் சொட்டாக நீர் விழுகிறது. அவர் நகரவில்லை. தொப்பியை எடுத்து அணிகிறார். சொட்டு இப்போது தொப்பியின் விளிம்பில் தேங்குகிறது. தேங்கட்டும் என்று விட்டு, வண்டி வரும் தறுவாயில் தொப்பியைக் கழற்றி, அந்த நீரைப் பருகுகிறார். பிறகு துப்பாக்கி வெடிக்கிறது. கதையிலிருந்து அவர் மறைகிறார். இப்படம் முடிந்து வீடு திரும்பிய எவரும் அந்தச் சொட்டை மறந்ததாக நான் கேட்டதில்லை.

1994 டிசம்பர் 31 அன்று அவர் காலமானார். கடைசியாக நடித்த கௌபாய் படம் மறு ஆண்டு வெளிவந்தது. அதை அவர் நினைவுக்கே உரியதாக்கினார்கள்.

நம் காலனிப் பிள்ளைகள் 'டாய் ஸ்டோரி' என்னும் பொம்மைப் படத்தை எத்தனை முறை பார்த்திருப்பார்கள்! அதில் வரும் கௌபாய் பொம்மைக்கு வுடி என்று பெயர். ஸ்ட்ரோடின் பெயரையே அதற்கு இட்டார்கள் என்று, அப்படவரிசையின் மூன்றாம் படத்தை இயக்கிய லீ அன்க்ரிச் தெரிவித்திருக்கிறார். இன்றிரவு வீட்டுக்குப் போனதும் பிள்ளைகளிடம் கேட்டுப் பாருங்கள். பொம்மையைத் தெரியும் என்பார்கள். மனிதரை நீங்கள் சொல்லுங்கள்.