காறை எலும்பும் கவனக் குறைவும்

(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய உரை)



இசையும் நாடகமும் நிகழவிருக்கும் இம்மேடையில் எலும்பு முறிவைப் பற்றிப் பேச வந்துள்ளோம். யாம் மருத்துவர் அல்லோம். மெட்ரிகுலேஷனோடு படிப்பை முடித்துக்கொண்டு, இரயில்வே அலுவலகத்தில் கோப்புப் புரட்டும் எழுத்தர். ஆயினும், சென்ற ஆண்டு எம் இல்லத்தில் நேர்ந்த துன்பமும், அதில் யாம் இழைத்த பிழையும், பின்னர் மருத்துவரிடம் கேட்டும் நூல்களில் படித்தும் அறிந்தவையும் இக்காலனிக் குடும்பங்களுக்குப் பயன்படும் என்று செயலாளர் வற்புறுத்தினார். அதனால் துணிந்தோம்.

எம் மைந்தனுக்கு வயது 14. ஞாயிறுதோறும் நம் சங்கத்தில் மிருதங்கம் பயில்பவன். ஒரு நாள் மாலை பள்ளியினின்று திரும்புகையில், லெவல் கிராசிங்கில் சைக்கிள் சக்கரம் தண்டவாளத்தில் சிக்க, வலத் தோள் தரையில் மோத விழுந்தான். அன்று மாதக் கடைசி; சம்பளப் பட்டியல் முடிக்கும் நாள். இரவு வீடு திரும்பியபோது, வலக்கையை இடக்கையால் தாங்கிக்கொண்டு, தலையை வலப்புறம் சாய்த்தபடி அமர்ந்திருந்தான். "சுளுக்குதான் அப்பா" என்றான். யாமும் அவ்வாறே நம்பினோம். அவ்வாறு நம்புவதே எமக்கு வசதியாக இருந்தது.

மறுநாள் கடைத்தெருவில் சுளுக்கு வழிக்கும் ஒருவரிடம் அழைத்துச் சென்றோம். அவர் எண்ணெய் தடவி உருவினார். கையைப் பிடித்து இழுத்தார். பிள்ளை அலறிய அலறல் இன்றும் எம் செவியை விட்டு அகலவில்லை. அன்றிரவே அவன் விரல்கள் மரத்துப் போயின. விடியுமுன் மருத்துவமனைக்கு ஓடினோம். எக்ஸ்ரே படத்தில் காறை எலும்பு நடுவில் இரு துண்டாகக் கிடந்தது. ஒடிந்த முனை தோலை உள்ளிருந்து முட்டிக்கொண்டிருந்தது. "இதை உருவச் சொன்னவர் யார்?" என்று மருத்துவர் வினவினார். யாமே என்று தலை குனிந்தோம்.

காறை எலும்பு என்பது யாது? கழுத்தின் அடியில், மார்பெலும்பிலிருந்து தோள்பட்டை வரை இருபுறமும் ஓடும் எலும்பே அது. நம் முன்னோர் கழுத்திலணிந்த காறை என்னும் அணியின் பெயரே அதற்கு அமைந்தது. இங்குள்ள இந்தி மக்களும் அதனை ஹன்ஸ்லி என்பர். அதுவும் கழுத்தணியின் பெயரே. மொழி வேறாயினும் கண்ட கண் ஒன்றன்றோ!

கையை உடலோடு பிணைக்கும் எலும்பு இஃதொன்றே. வண்டிக்கும் வண்டிக்கும் இடையிலுள்ள கப்ளிங் போன்றது. கருவில் முதலில் இறுகத் தொடங்கும் எலும்பும் இதுவே. ஏறக்குறைய 25 வயதில் இறுதியாக முற்றுப் பெறுவதும் இதுவே. பாம்பு போல் வளைந்தது, நடுவில் மெல்லியது, தோலுக்கு அடியிலேயே இருப்பது. ஆகவேதான் இம்முறிவுகள் பத்தில் ஏறக்குறைய எட்டு நடுப்பகுதியில் நிகழ்கின்றன.

இது முறிவதற்குப் பெருங்காரணம் தோளின் மீது நேராக விழுவதே. சைக்கிளிலும் ஸ்கூட்டரிலுமிருந்து விழுதல், விளையாட்டு மைதானத்தில் மோதுதல், முதியோர் குளியலறையில் வழுக்குதல், நிற்காத வண்டியிலிருந்து பிளாட்பாரத்தில் குதித்தல் ஆகியவை நாம் அன்றாடம் காண்பவை. நீட்டிய கையை ஊன்றி விழுந்தாலும் முறிவதுண்டு. கடினமான பிரசவத்தில் பிறக்கும் சிசுவுக்கும் முறியலாம். குழந்தை ஒரு கையை மட்டும் அசைக்காதிருப்பின் தாய்மார் மருத்துவரிடம் காட்டுதல் வேண்டும். அச்சம் வேண்டா, சிசுவின் எலும்பு இரண்டு மூன்று வாரங்களில் கூடிவிடும்.

இனி, அடையாளங்கள். அடிபட்ட தோள் தாழ்ந்து முன்னே சரியும். கழுத்தின் தசை ஒரு துண்டை மேலே இழுக்கும். கையின் பாரம் மற்றதைக் கீழே இழுக்கும். அதனால் அவ்விடத்தில் மேடும் வீக்கமும் தோன்றும். நோயாளி தன் கையைத் தானே தாங்கிப் பிடித்துக்கொள்வார். எம் பிள்ளை அன்றிரவு அமர்ந்திருந்த நிலையே போதிய அடையாளம்! படித்திருந்தும் யாம் அதைப் படிக்கவில்லை.

மருத்துவர் எலும்பை மட்டும் பார்ப்பதில்லை. மணிக்கட்டில் நாடி துடிக்கின்றதா, விரல்களில் உணர்வும் அசைவும் உள்ளனவா, மூச்சு சீராக உள்ளதா என்றும் பார்க்கிறார். ஏனெனில் அவ்வெலும்பின் அடியில்தான் கைக்குச் செல்லும் பெரிய இரத்தக் குழாய்களும் நரம்புகளும் ஓடுகின்றன. அதற்கும் கீழே நுரையீரல். இங்கிலாந்தின் பிரதமராயிருந்த சர் ராபர்ட் பீல் 1850 ஜூன் 29 அன்று குதிரையிலிருந்து விழுந்து காறை எலும்பை முறித்துக்கொண்டார். ஜூலை 2 அன்று மாண்டார். உள்ளிருந்த இரத்தக் குழாய் சிதைந்ததே காரணம் என்பர். இத்தகைய கேடு மிக அரிது. ஆயினும் கை குளிர்ந்தாலும், மரத்தாலும், மூச்சுத் திணறினாலும், தோல் வெளுத்துப் புடைத்தாலும் ஒரு நாழிகையும் தாமதிக்கலாகாது.

சிகிச்சை பெரும்பாலோருக்கு எளியது. கையைக் கழுத்திலிருந்து தூளி போல் தொங்கவிடும் துணிக்கட்டே போதும். முன்னாளில் இரு தோளையும் பின்னிழுத்து எட்டு வடிவில் கட்டுவர்; அதனால் மிகுந்த நன்மை இல்லை, நோவே மிகுதி என்று பின்னர் கண்டனர். துண்டுகள் வெகுவாக விலகினாலோ, எலும்பு தோலைக் கிழித்தாலோ, நரம்போ குழாயோ சிதைந்தாலோ அறுவை செய்வர். தண்டவாளங்களை ஃபிஷ் பிளேட் வைத்துப் போல்ட் முடுக்கி இணைப்பதைப் போலவே, உலோகத் தகடு வைத்துத் திருகாணி முடுக்குவர்.

எம் மைந்தனுக்கு அறுவை வேண்டியிருக்கவில்லை. தோலும் நரம்பும் தப்பின. மரமரப்புச் சில நாளில் நீங்கிற்று. ஆனால் அதுவரை, படுக்க முடியாத பிள்ளையைத் தலையணைகளில் சாய்த்து வைத்து, விரல்களைத் தொட்டுத் தொட்டுப் பார்த்த இரவுகளை யாமும் இல்லத்தாரும் மறவோம்.

எலும்பு கூடச் சிறுவர்க்கு ஏறக்குறைய 3 முதல் 6 வாரமும், பெரியவர்க்கு 6 முதல் 12 வாரமும் ஆகலாம். தண்டவாளம் முறிந்தால் முதலில் வண்டியை நிறுத்துகிறோம். தற்காலிகமாகச் செப்பனிட்டபின் காஷன் ஆர்டர் கொடுத்து மெதுவாக விடுகிறோம். முழுதும் சீரான பின்னரே முழு வேகம். எலும்புக்கும் அதுவே விதி. விரல், மணிக்கட்டு, முழங்கை ஆகியவற்றைத் தொடக்கத்திலேயே மருத்துவர் சொற்படி அசைத்து வரவேண்டும். தோளை அவர் அனுமதித்த பின்னரே உயர்த்தலாம். புகை பிடிப்போர்க்கு எலும்பு கூடத் தாமதமாகும். இதை அவ்வன்பர்கள் தனியே குறித்துக்கொள்க!

நிறைவாக நான்கு வேண்டுகோள். விழுந்தவர் தோளை உருவாதீர், இழுக்காதீர். துண்டோ துப்பட்டாவோ எடுத்துக் கையை மார்போடு தாங்கிக் கட்டுங்கள். சட்டையைக் கழற்றுகையில் நல்ல கையை முதலிலும் நொந்த கையை இறுதியிலும் கழற்றுங்கள். அன்றே எக்ஸ்ரே எடுங்கள்.

சொந்த ஊரில் பாட்டியும் மாமனும் பக்கத்தில் இருந்திருப்பின் எவரேனும் எம்மைக் கடிந்து அன்றே அனுப்பியிருப்பர். இங்கு நமக்கு உறவு நாமே. அண்டை வீட்டுப் பிள்ளை கையைத் தாங்கிக்கொண்டு உட்கார்ந்திருக்கக் கண்டால், அவன் தந்தை அலுவலகத்தில் இருப்பினும் காத்திராதீர், அழைத்துச் செல்லுங்கள்.

எம் மைந்தனின் தோளில் இன்றும் ஒரு சிறு மேடு உண்டு. வளர வளரக் குறையும் என்கிறார் மருத்துவர். மூன்று திங்கள் மிருதங்கத்தைத் தொடாதிருந்தவன், சற்று நேரத்தில் இம்மேடையில் வாசிக்கவிருக்கிறான். அவனுக்கு இடம் விட்டு அமர்கின்றோம்.