சீனத்து ஆப்பெராவும் நம்ம ஊர்க் கூத்தும்



1790இல் சீனப் பேரரசரின் எண்பதாவது பிறந்தநாளுக்காக அன்ஹுய் பகுதி நாடகக் குழுவினர் பீக்கிங் சென்றார்கள். பீக்கிங் ஆப்பெரா அங்கிருந்துதான் வளர்ந்தது. முகத்தில் சாயம், பாட்டு, சண்டை, ஆண்களே கட்டிய பெண் வேஷம். "அட, இது நம்ம கூத்தாச்சே!" என்று தோன்றுகிறதல்லவா?

நம் வட ஆற்காட்டுப் பக்கம் திரௌபதி அம்மன் கோயிலில் பாரதம் வைத்தால், பகலில் பிரசங்கம், ராத்திரி கூத்து. மரத்தில் செய்த கிரீடமும் புஜக்கட்டையும் கட்டி ஆடுவதால் கட்டைக்கூத்து என்றும் பெயர். அர்ச்சுனன் தபசு மரம் ஏறுவான். படுகளத்தில் துரியோதனன் விழுவான். பிறகு தீமிதி. மிருதங்கத் தோல் முழங்காமல் எந்த வேஷமும் உள்ளே வராது. தோலின் அருமையை ஆம்பூர், வாணியம்பாடிக்காரர்களுக்கு நான் சொல்லணுமா?

பெண் வேஷம் கட்டிய மெய் லான்ஃபாங் 1930இல் அமெரிக்கா போய் ஆடினார்; சீன தேசமே அவரைத் தலையில் வைத்துக் கொண்டாடியது. இங்கே 'கூத்தாடி' என்பது வசவு! விடிய விடிய ஆடியவனின் பிள்ளை, அப்பா தொழிலைச் சொல்லக் கூசுகிறான்.

மாணவர்களே, அந்தப் பிள்ளை உங்கள் பெஞ்சிலேயே இருக்கலாம். அடுத்த முறை ஊரில் பாரதம் வைத்தால், பாதியில் எழுந்து போகாதீங்க. விடியும் வரை உட்காருங்க. அந்த மரியாதை போதும், கூத்து பிழைச்சுக்கும்.