யார் கையில் மரக்கால்?
(நினைவுச் சொற்பொழிவு)



நம்மை விட்டுப் பிரிந்த தோழரின் நினைவுநாளில் வலியைப் பற்றிப் பேச வந்திருக்கிறோம். கடைசி மாதங்களில் அவர் படுக்கையருகே இருந்தவர்கள் பலர் இந்த அரங்கில் இருக்கிறீர்கள். எனவே இது நமக்குப் புதிய பேச்சல்ல.

நாஞ்சில் நாட்டு வயல்களில் கூலி நெல்லாக அளக்கப்பட்ட காலத்தை எங்கள் மூத்தவர்கள் சொல்லுவார்கள். வாங்கும்போது ஒரு மரக்கால், கொடுக்கும்போது வேறொரு மரக்கால். நெல் நம் உழைப்பு. மரக்கால் அவர்கள் கையில். அளவு என்றாலே எங்களுக்கு முதலில் நினைவுக்கு வருவது அதுதான்.

சில ஆண்டுகளுக்கு முன் எங்கள் அம்மை வரப்பில் வழுக்கி விழுந்தாள். மருத்துவமனையில் ஒரு செவிலியர் கனிவாகவே கேட்டார்: “எவ்வளவு வலிக்குது பாட்டி? பூஜ்யத்திலேருந்து பத்துக்குள்ள ஒரு நம்பர் சொல்லுங்க.” அம்மை யோசித்துவிட்டு, “ரெண்டுண்ணு போடு மோளே” என்றாள். சீட்டில் 2 என்று பதிவானது. இரண்டு மாத்திரைகளோடு வீட்டுக்கு அனுப்பினார்கள். மூன்றாம் நாள் எடுத்த எக்ஸ்ரேயில் முதுகுத்தண்டில் ஓர் எலும்பு நொறுங்கியிருந்தது.

“ஏன் அம்மா ரெண்டுண்ணு சொன்னிய?” என்று கேட்டோம். “பத்துண்ணு சொன்னா பேராசைக்காரிண்ணு நினைக்க மாட்டாவளா? கூடுதலா கேட்டா உள்ளதும் கெடைக்காது.”

அவள் வலியைச் சொல்லவில்லை. கூலி கேட்கும் முறையில் கேட்டாள். ஆயுள் முழுக்கக் கற்ற கணக்கு அது.

நம் மாவட்டத்து நெய்யூர் மிஷன் மருத்துவமனையின் மருத்துவர் பென்டால், 1908இல் பிரிட்டிஷ் மெடிக்கல் ஜர்னலில் 1,700 புற்றுநோயாளிகளைப் பற்றிய தொகுப்பை எழுதினார். கட்டியைக் கண்ணால் பார்த்து எண்ணலாம். வலியை அப்படி எண்ண முடியாது. பட்டவர் சொல்லித்தான் அறிய வேண்டும். எனவே யார் சொல் எடுபடுகிறது என்ற கேள்வி மருத்துவத்துக்குள்ளேயே இருக்கிறது.

அம்பேத்கர் தம் ‘விசாவுக்காகக் காத்திருக்கிறேன்’ நூலில், 1929 டிசம்பர் 12 ‘யங் இந்தியா’வில் வந்த ஒரு கடிதத்தை எடுத்துக் காட்டுகிறார். கத்தியவாரில் தீண்டத்தகாத ஆசிரியர் ஒருவரின் மனைவி பிரசவித்த சில நாளில் நோயுற்றார். வந்த மருத்துவர் அவரைத் தொடவில்லை. வெப்பமானியை ஒரு முஸ்லிம் அன்பரிடம் கொடுத்தார். அவர் கணவரிடம் கொடுக்க, கணவர் மனைவிக்கு வைத்து, அதே வழியில் திருப்பினார். அந்தப் பெண் இறந்துபோனார். கருவியில் பிழையில்லை. கருவிக்கும் உடலுக்கும் நடுவே சாதி நின்றது.

இன்று கருவி தொட வேண்டியதில்லை. ஓர் எண் போதும். ஆனால் நடுவில் நிற்பது விலகிவிட்டதா? பிரசவ அறையில் கத்தினால் நம் பெண்களுக்குக் கிடைப்பது வசவு. வாய் மூடியிருந்தால் ‘இவளுக்கு இதெல்லாம் பழக்கம்’ என்ற பேச்சு. கத்தினால் நடிப்பு, கத்தாவிட்டால் வலியே இல்லை.

இது இங்கே மட்டுமல்ல. 2016இல் அமெரிக்காவின் வர்ஜீனியா பல்கலைக்கழக ஆய்வில், வெள்ளையின மருத்துவ மாணவர்களிலும் பயிற்சி மருத்துவர்களிலும் ஏறத்தாழப் பாதிப்பேர், கருப்பின மக்களின் தோல் தடிமனானது என்பதுபோன்ற பொய்களில் ஏதேனும் ஒன்றையாவது நம்பினர். அப்படி நம்பியவர்கள் கருப்பின நோயாளியின் வலியைக் குறைத்து மதிப்பிட்டனர். ‘உழைத்துக் காய்த்துப்போன உடம்பு, தாங்கும்’ என்று நம் ஊரில் சொல்வதும் இதே பொய்தான்.

எண்ணே வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. எண் பதிவானால்தான் மறுநாள் குறைந்ததா என்று கேட்க முடியும். ஆனால் எண் மட்டும் போதாது. 1975இல் ரொனால்ட் மெல்சாக் உருவாக்கிய மெக்கில் வினாப்பட்டியல் வலியைச் சொற்களால் கேட்டது. நம்மிடமும் சொற்கள் உண்டு: குத்து, கடுப்பு, குடைச்சல், எரிச்சல், நொம்பலம். நோயாளி சொன்ன சொல் அப்படியே சீட்டில் ஏறட்டும். எந்த வேலையைச் செய்ய முடியவில்லை, எந்தப் பக்கம் திரும்பிப் படுக்க முடியவில்லை என்று கேட்கட்டும். அம்மையிடம் அதைக் கேட்டிருந்தால், குனிந்து அடுப்பு ஊத முடியவில்லை என்று உடனே சொல்லியிருப்பாள்.

சர்வதேச வலி ஆய்வுச் சங்கம் 2020இல் திருத்திய விளக்கக் குறிப்புகள், ஒருவர் தம் வலியைப் பற்றிச் சொல்வதை மதிக்க வேண்டும் என்கின்றன; சொல்ல முடியாதவருக்கு வலி இல்லை என்றாகாது என்றும் கூறுகின்றன. 2014இல் போதைப்பொருள் சட்டம் திருத்தப்பட்டு, நோயாளிக்கு மார்ஃபின் கிடைக்க இருந்த உரிமத் தடைகள் குறைக்கப்பட்டன. வலி நீக்கம் பிச்சையல்ல, உரிமை என்று பேச இவை போதும்.

மாணவத் தோழர்களே, உங்களில் செவிலியர் ஆகப்போகிறவர்கள் இருக்கிறீர்கள், மருத்துவர் ஆகப்போகிறவர்கள் இருக்கிறீர்கள். மரக்கால் முதன்முறையாக நம் பிள்ளைகள் கைக்கு வருகிறது. ஒரு கிழவி ‘ரெண்டு’ என்று சொன்னால், எழுதும் முன் அவள் முகத்தைப் பாருங்கள். பிறகு இன்னொரு முறை கேளுங்கள்.

ஜெய்பீம்.